தண்ணீர் வருகிறது, ஓடுங்கள்

என் மச்சானுக்கு நல்ல குரல். மைக் இல்லாமலே ஏரிக்கரையில் நின்று கூப்பிட்டால் காலனி முழுக்கக் கேட்கும். அந்தக் குரல்தான் அவனுக்குச் சோறு போட்டது. அந்தக் குரலைக் கேட்டுச் சிரித்துவிட்டு அடுப்படியிலேயே உட்கார்ந்திருந்ததில்தான் என் வீட்டுக்காரி செத்தாள். அவள் அவனுக்குக் கூடப் பிறந்த அக்கா.

எங்கள் ஊர் உத்திரமேரூர் பக்கம், பெரிய ரோட்டை விட்டு உள்ளே தள்ளி இருக்கிறது. ஊர் மேட்டில் இருக்கும். ஏரிக்கரைக்குக் கீழே, பள்ளத்தில் எங்கள் காலனி. நிலம் எல்லாம் ஊர்க்காரர்களுக்கு. வேலை எங்களுக்கு. ஏரியில் தண்ணீர் நின்றால் நடவு, களையெடுப்பு, அறுப்பு என்று வருஷம் ஓடும். தண்ணீர் இல்லாவிட்டால் ஒன்றும் ஓடாது.

ரோட்டோரம் ஒரு டூரிங் டாக்கீஸ் இருந்தது. கீற்றுக் கொட்டகை. தரையில் ஆற்று மணல். மணலைக் கையால் கூட்டி மேடாக்கி அதன்மேல் உட்கார்ந்தால் முன்னால் இருப்பவன் தலை மறைக்காது. பின்னால் இருப்பவன் திட்டுவான். அவனும் மேடு கட்டிக்கொள்வான்.

மச்சானுக்கு அங்கேதான் வேலை. பகலில் ஒரு ஆட்டோவின் தலையில் கூம்பு ஸ்பீக்கர் கட்டி, இரண்டு பக்கமும் போஸ்டர் ஒட்டிய தட்டியை வைத்து, ஊர் ஊராகப் போவான். மைக்கில் படத்தைப் பற்றிச் சொல்வான். சாயந்திரம் வாசலில் டிக்கெட் கிழிப்பான். மழைக்காலத்தில் கொட்டகையை மூடிவிடுவார்கள். ஈர மணலில் யார் உட்காருவது? மழை விட்டு, வெயில் அடித்து, மணல் காய்ந்ததும் ஆட்டோ மறுபடியும் கிளம்பும். மச்சானின் மைக் கேட்டால் மழை போய்விட்டது என்று அர்த்தம். துணியை வெளியே காயப்போடலாம், விறகை வெயிலில் பரப்பலாம். எங்கள் சனத்துக்கு அது ஒரு பழக்கமாகவே ஆகிவிட்டது.

பிறகு மழையே இல்லாத வருஷங்கள் வந்தன. ரெண்டாயிரம் பிறந்ததற்கு அப்புறம். ஐப்பசியில் வானம் கறுக்கும். நான்கு தூறல் போட்டுவிட்டு வெளுத்துவிடும். ஏரி காய்ந்து வெடித்தது. வெடிப்பில் கை நுழையும். ஏரிக்குள் வேலிக்காத்தான் முளைத்தது. பசங்கள் உள்ளே கிரிக்கெட் ஆடினார்கள். செங்கல் சூளைக்காரர்கள் லாரி விட்டு ஏரி மண்ணை அள்ளினார்கள். லாரி இறங்கி ஏற வசதியாகக் கரையை ஒரு இடத்தில் சரித்து வழி போட்டார்கள். யாரும் கேட்கவில்லை. தண்ணீர் இல்லாத ஏரிக்குக் கரை எதற்கு? நானும் அந்தச் சூளையில்தான் மண் மிதித்தேன். என் வீட்டுக்காரி கல் அடுக்கினாள். வேறு வேலை கிடையாது.

குடிக்கத் தண்ணீர் லாரியில் வரும். வருகிற நேரம் தெரியாது. ரோட்டு முனையில் நின்று ஆரன் அடிப்பான். குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். பிந்தினால் அன்றைக்கு இல்லை.

அந்த நேரத்தில்தான் டாக்கீஸுக்கு அந்த இங்கிலீஷ் படம் வந்தது. தமிழில் பேச வைத்த படம். பெயர் எனக்கு நினைவில்லை. புதுத் தமிழ்ப் படங்கள் எங்கள் கொட்டகை வரைக்கும் வந்து சேர நாளாகும். அதனால் முதலாளி இந்த மாதிரிப் படங்களாக எடுத்து வந்து ஓட்டினார். கூட்டம் கம்மி. மச்சானைத்தான் திட்டுவார்.

ஒரு நாள் மத்தியானம் மச்சான் ஆட்டோவை வாசலில் நிறுத்திவிட்டுக் கூழ் குடிக்க வந்தான். சூளைக்கு அன்றைக்கு லீவு. நாங்கள் வீட்டில் இருந்தோம். தட்டியில் இருந்த போஸ்டரில் மாடிக் கட்டடங்களுக்கு மேலே ஒரு அலை நின்றது. என் வீட்டுக்காரி அதை உற்றுப் பார்த்தாள். அவளுக்குப் படம் என்றால் உயிர்.

"இன்னா படம்டா இது?"

"இங்கிலீஷ் படம்க்கா. தமில்ல பேசுறாங்க. கடலு பொங்கி ஊரையே முழுங்கிடுது."

"ஏன் பொங்குதாம்?"

"பூமி சூடாய்ட்ச்சாம். காரு, கம்பெனி, அல்லாம் புகை வுடுதுல்ல, அதனாலயாம். ஐஸு மலை உருகிப் போய் கடலு ஏறிக்கினு வருது. ஒரு கண்ணாடி போட்ட ஆளு வந்து சொல்றான். எவனும் கேக்க மாட்டேன்றான்."

"நாம இன்னாடா புகை வுட்டோம்? அடுப்புப் புகை. அதுவும் ஒரு வேளைக்கு." சொல்லிவிட்டு அவனுக்கு இன்னும் ஒரு கரண்டி ஊற்றினாள். "கூட்டம் வருதா?"

"எங்க? மொதலாளி பேஜார் பண்ணிக்கினு கீறாரு. நீ சரியா கத்தலனு சொல்றாரு."

"கரெக்டாதான் சொல்றாரு. படம், படம்னு கத்துனா எவன்டா வருவான்? வயித்துல ஒண்ணுமில்லாதவன் படத்துக்கா வருவான்? தண்ணி வருதுனு கத்து. ஓடுங்கனு கத்து. அப்பால பாரு. நாயி கூட வெளிய வந்து நிக்கும்."

மச்சான் வாயில் வைத்த கூழை விழுங்காமல் அவளைப் பார்த்தான்.

"அக்கா, நீ டாக்கீஸு வச்சிருக்க வேண்டிய ஆளு."

"வச்சிருந்தா ஒனக்கு வேல குடுக்க மாட்டேன். போ."

மறுநாள் காலையில் ஆட்டோ எங்கள் தெருவுக்குள் வந்தது. பாட்டு இல்லை. எடுத்ததுமே மச்சானின் குரல்.

"தண்ணீர் வருகிறது! தண்ணீர் வருகிறது! ஓடுங்கள்! மேட்டுக்கு ஓடுங்கள்!"

மைக்கில் பேசும்போது அவன் இலக்கணத் தமிழில்தான் பேசுவான். முதலாளி அப்படிப் பழக்கியிருந்தார். காலனி முழுக்க வெளியே வந்துவிட்டது. பொம்பளைகள் குடத்தோடு வந்தார்கள். இடுப்பில் ஒன்று, தலையில் ஒன்று. தண்ணி லாரி வந்திருக்கிறது என்று நினைத்துவிட்டார்கள். சிலர் ரோட்டு முனைக்கே ஓடிவிட்டார்கள். எல்லாரும் வந்து சேர்ந்ததும் மச்சான் கொஞ்சம் நிறுத்தினான். பிறகு சொன்னான்.

"எங்கே? நமது டாக்கீஸில்! தினமும் இரண்டு காட்சிகள்! காணத் தவறாதீர்கள்!"

எதிர்வீட்டுப் பெரியம்மா கையிலிருந்த பிளாஸ்டிக் குடத்தை அவன்மேல் எறிந்தாள்.

"அடப் பாவி! லாரிக்காரன்னு அவுத்த புடவையைச் சுத்திக்கினு ஓடியாந்தேன்டா! ஒன் வாயில மண்ணு வுழ!"

என் வீட்டுக்காரி சிரித்துச் சிரித்து நிற்க முடியாமல் வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள். சிரித்தால் அவளுக்கு இருமல் வரும். இருமிக்கொண்டே சிரித்தாள்.

அன்றைக்குச் சாயந்திரம் கொட்டகையில் கூட்டம். திட்டின பெரியம்மாவும் வந்திருந்தாள். பக்கத்து ஊர்களிலும் மச்சான் அதையே சொல்லியிருந்தான். எல்லா ஊரிலும் குடத்தோடுதான் வந்தார்களாம்.

நாங்களும் போனோம். எங்களுக்கு ஒரே பெண். அப்போது சின்னப்பிள்ளை. என் வீட்டுக்காரி அவளுக்கு மணலைக் கூட்டி மேடு கட்டி உட்கார வைத்தாள். ஆண்கள் பக்கம் வேறு, பெண்கள் பக்கம் வேறு. நடுவில் ஒரு கட்டைச் சுவர். சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அவள் குரல் எனக்குக் கேட்டுக்கொண்டே இருந்தது.

படத்தில் முதலில் வானம் இருண்டது. பறவைகள் எல்லாம் ஒரே பக்கமாகப் பறந்தன. நாய்கள் ஊளையிட்டன. கண்ணாடி போட்ட ஆள் பெரிய பெரிய ஆட்களிடம் போய்ச் சொன்னான். அவர்கள் அவனைத் துரத்தினார்கள். பிறகு ஒரு இரைச்சல். கொட்டகையின் மூங்கில் எல்லாம் அதிர்ந்தது. அப்புறம்தான் அலை வந்தது. பனை உயரம் இல்லை, நாலு பனை உயரம். காரெல்லாம் தீப்பெட்டி மாதிரி மிதந்தது. சனம் ஓடியது. அந்தக் கண்ணாடிக்காரனுக்கு ஒரு மகள். அவளைத் தேடிப் போகிறான். எல்லாத் தண்ணீரையும் தாண்டிப் போய் அவளைக் கண்டுபிடிக்கிறான். கட்டிப்பிடித்து அழுகிறார்கள். சூரியன் வருகிறது. முடிந்தது.

எங்கள் ஆட்கள் அலை வரும்போது விசில் அடித்தார்கள். பயத்தில் இல்லை. அவ்வளவு தண்ணீரைப் பார்த்த சந்தோஷம். "எங்க ஏரிக்குக் கொஞ்சம் வுடுங்கடா" என்று ஒருவன் கத்தினான். கொட்டகையே சிரித்தது.

வீட்டுக்கு நடந்து வரும்போது என் வீட்டுக்காரி ஒன்றையே கேட்டுக்கொண்டு வந்தாள்.

"யோவ், அந்தப் பொம்பளை இன்னா ஆனா?"

"எந்தப் பொம்பளை?"

"அலை வரும்போது ஓடுனாங்கல்ல கும்பலா. கடைசியா ஒருத்தி கொயந்தையைத் தூக்கினு ஓடினா பாரு. பச்சச் சட்டை. கால் தடுக்கி வுழுந்தா. அப்பால காட்டவே இல்லையே."

"கும்பல்ல ஓடுறவளை எல்லாம் காட்டிக்கினு இருப்பாங்களா?"

"அது எப்டி? அந்தக் கண்ணாடிக்காரன் பொண்ணை மட்டும் கடைசி வரிக்கும் காட்டுறான். இவளுக்கு ஒரு பேரு கூட வைக்கல."

மச்சான் பின்னாலிருந்து சைக்கிளில் வந்தான். அவனிடமும் கேட்டாள். அவன் தினமும் இரண்டு ஆட்டம் பார்க்கிறவன்.

"அவ செத்துட்டாக்கா."

"நீ பாத்தியா?"

"காட்டல. ஆனா செத்துதான் போயிருப்பா."

அவளுக்கு அது பிடிக்கவில்லை. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தாள்.

அப்புறம் இந்த மாதிரிப் படங்கள் நிறைய வந்தன. நான் அவளோடு போய்ப் பார்த்தேன். எல்லாம் ஒரே மாதிரிதான். இரைச்சல் வரும். வானம் இருளும். ஒரே நாளில் எல்லாம் முடிந்துவிடும். காய்ந்துபோன ஊரை ஒரு படத்திலும் நான் பார்க்கவில்லை. வெடித்த ஏரியை, சூளைக்குப் போகிற பொம்பளையை, ஐப்பசியில் வெளுத்த வானத்தைக் காட்டினால் யார் வந்து மணலில் உட்காருவார்கள்? எங்களுக்கு வந்த அழிவு அப்படித்தான் வந்தது. சத்தம் இல்லாமல், வருஷக்கணக்கில். பூமி சூடானதால்தான் மழை போனது என்று பிற்பாடு ரேடியோவில் சொன்னார்கள். இருக்கும். எங்களுக்கு அப்போது தெரிந்தது வேலை இல்லை என்பது மட்டும்தான்.

"தண்ணீர் வருகிறது, ஓடுங்கள்" என்பது காலனியில் ஒரு பேச்சாகிவிட்டது. சூளையில் மேஸ்திரி தூரத்தில் வந்தால் யாராவது மெதுவாகச் சொல்வார்கள், "தண்ணீர் வருகிறது". எல்லாரும் குனிந்து வேலை செய்வோம். பசங்கள் காய்ந்த ஏரிக்குள் அந்த விளையாட்டை விளையாடுவார்கள். ஒருவன் கத்துவான், எல்லாரும் கரைமேல் ஏறி ஓடுவார்கள். ஏறினதும் ஒன்றாகக் கத்துவார்கள், "எங்கே? நமது டாக்கீஸில்!" என் பெண்ணும் அதில் உண்டு.

மச்சானும் அதை விடவில்லை. புயல் படமோ, பூகம்பப் படமோ, எது வந்தாலும் அதையே சொல்வான். சனம் வாசலுக்கு வந்து நிற்கும். அவன் கொஞ்சம் நிறுத்துவான். அவன் சொல்வதற்கு முன்னால் தெருவே சேர்ந்து மீதியைச் சொல்லும். அவன் கைகொட்டுவான்.

சில வருஷம் கழித்து மழை வந்தது. வந்தது என்றால் வந்ததுதான். விடவில்லை. இத்தனை வருஷம் வராததை எல்லாம் சேர்த்து ஒரேயடியாகக் கொட்டின மாதிரி பெய்தது. முதலில் சந்தோஷப்பட்டோம். கிழவர்கள் வெளியே போய் நனைந்துகொண்டு நின்றார்கள். அப்புறம் கூரை ஒழுகியது. அடுப்பு நனைந்தது. கொட்டகை மூடிவிட்டார்கள். மச்சான் ஆட்டோவைத் தார்ப்பாய் போட்டு மூடிவிட்டு எங்கள் வீட்டிலேயே வந்து படுத்துக்கொண்டான்.

ஏரி நிறைந்தது. என் பெண் அன்றைக்குத்தான் நிறைந்த ஏரியை முதல் தடவையாகப் பார்த்தாள். "கடலா நைனா?" என்று கேட்டாள்.

கரை நனைந்து மெத்தென்று ஆகிவிட்டது. லாரிக்காக வழி போட்டிருந்தார்களே, அந்த இடம் மற்ற இடத்தைவிடத் தாழ்வு. அங்கே மட்டும் தண்ணீர் கரையின் தலையைத் தொட்டுக்கொண்டு நின்றது. ஊரிலிருந்தும் காலனியிலிருந்தும் ஆண்கள் போய் மணல் மூட்டை அடுக்கினோம். பனந்துண்டைக் குறுக்கே போட்டோம். வைக்கோலைத் திணித்தோம். ராத்திரியும் பகலுமாக வேலை.

அப்புறம் ஒரு காலையில் மழை நின்றது. வானம் துடைத்துவிட்ட மாதிரி இருந்தது. வெயில் அடித்தது. கரையில் நின்ற எங்களுக்கே தெம்பு வந்துவிட்டது. பீடி பற்றவைத்தோம். கீழே காலனியில் பொம்பளைகள் ஈரத் துணியை வேலிமேல் விரித்துக்கொண்டிருந்தது மேலேயிருந்து தெரிந்தது. என் வீட்டுக் கூரையிலிருந்து புகை வந்தது. பல நாளாக அடுப்பு சரியாக எரியவில்லை. இன்றைக்குச் சோறு ஆக்குகிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

அப்போது மேற்கே இருக்கிற ஊரிலிருந்து ஒருவன் மொபெட்டில் சேறெல்லாம் தெறிக்க வந்தான். அவர்கள் ஏரி உடைந்துவிட்டது. அந்தத் தண்ணீர் மொத்தமும் கால்வாயில் எங்கள் ஏரிக்குத்தான் வரும். வந்துகொண்டிருக்கிறது. அவன் அதைச் சொல்லிவிட்டு அடுத்த ஊருக்குப் போய்விட்டான்.

ஊர்த் தலைவர் கரைமேல் நின்றுகொண்டிருந்தார். மச்சானும் எங்களோடு மூட்டை தூக்கிக்கொண்டிருந்தான். அவனைக் கூப்பிட்டார்.

"டேய், ஒன் மைக் வேலை செய்யுதா?"

"செய்யுங்க."

"ஓடு. காலனியில சொல்லு. அல்லாரையும் ஊர்ல கீற பள்ளிக்கூடத்துக்கு வரச் சொல்லு. ஒருத்தர் இருக்கக் கூடாது."

அவன் ஓடினான். நான் கரையைவிட்டுப் போக முடியாது. ஆள் பற்றவில்லை. "மாமா, அக்காவை நான் பாத்துக்கிறேன்" என்று கத்திக்கொண்டே ஓடினான்.

கொஞ்ச நேரத்தில் ஆட்டோ கிளம்பிய சத்தம் கேட்டது. மேலேயிருந்து எல்லாம் தெரியும். தார்ப்பாயை எடுத்துவிட்டான். தட்டியை எடுக்க நேரம் இல்லை. மழைக்கு முன்னால் ஓடிய கடைசிப் படத்தின் போஸ்டர் அதில் பாதி கிழிந்து ஒட்டிக்கொண்டிருந்தது. அதுவும் ஒரு தண்ணீர்ப் படம்தான்.

பிறகு மைக் கேட்டது.

"தண்ணீர் வருகிறது! தண்ணீர் வருகிறது! மேட்டுக்கு ஓடுங்கள்!"

வேறு எப்படிச் சொல்வான்? மைக்கைப் பிடித்தால் அவனுக்கு வருவது அதுதான்.

பொம்பளைகள் துணி விரிப்பதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார்கள். யாரும் ஓடவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார்கள். மழை விட்டாச்சு, வெயில் வந்தாச்சு, மைக்கும் வந்தாச்சு. கொட்டகை திறந்துவிட்டார்கள் என்று நினைத்தார்கள். அவன் மூச்சு வாங்க நிறுத்தினான். அந்த இடைவெளியில் தெரு முழுக்கச் சேர்ந்து சொன்னது. கரைமேல் எங்களுக்கே கேட்டது.

"எங்கே? நமது டாக்கீஸில்!"

கைதட்டினார்கள். பசங்கள் ஆட்டோவின் பின்னால் ஓடினார்கள்.

என் பக்கத்தில் நின்றவன், "அய்யோ" என்றான். நாங்கள் மேலேயிருந்து கையை ஆட்டிக் கத்தினோம். எங்கள் குரல் அங்கே போகவில்லை. அவர்களும் எங்களைப் பார்த்துக் கையை ஆட்டினார்கள்.

மச்சான் இலக்கணத் தமிழை விட்டுவிட்டான். மைக்கில் சாதாரணமாகவே பேசினான்.

"படம் இல்ல. சத்தியமா படம் இல்ல. மேல ஏரி ஒட்ச்சிக்கிச்சு. தண்ணி வந்துக்கினே கீது. மெய்யாலுமே சொல்றேன். எய்ந்து வாங்க. காலுல வுழுறேன், வாங்க."

அவன் குரல் அழுதது. அதற்கும் கைதட்டினார்கள். நன்றாக நடிக்கிறான் என்று.

அதற்கு அப்புறம் நடந்ததை மச்சானும் என் பெண்ணும் சொல்லித்தான் எனக்குத் தெரியும். அவன் ஆட்டோவை எங்கள் வாசலில் நிறுத்திவிட்டு உள்ளே ஓடியிருக்கிறான். என் வீட்டுக்காரி அடுப்பு முன்னால் உட்கார்ந்திருந்தாள். சோறு கொதித்துக்கொண்டிருந்தது.

"அக்கா, எய்ந்திரு. தண்ணி வருது."

"நான் சொல்லிக் குடுத்ததை எங்கிட்டயே காட்டுறியாடா?"

"நெசமாக்கா. தலைவரு அனுப்பினாரு."

"வானத்தைப் பாருடா. எப்டி வெளுத்து கீது. ஒரு காத்து இல்ல, ஒரு சத்தம் இல்ல. தண்ணி வந்தா இப்டியா இருக்கும்?"

அவன் அவள் கையைப் பிடித்து இழுத்தான். அவள் உதறினாள். கையில் கரண்டி இருந்தது. கொதிக்கிற கஞ்சி அவன்மேல் தெறித்தது. அப்போது அவன் முகத்தைப் பார்த்தாளாம். சிரிப்பு நின்றுவிட்டதாம்.

"சரி, போ. கஞ்சி வடிச்சிட்டு வர்றேன். எத்தினி நாளு கயிச்சு ஆக்குறேன், இதை வுட்டுட்டு வர முடியாது. நீ பாப்பாவை ஆட்டோல ஏத்திக்கினு போ."

என் பெண் ஏற்கெனவே ஆட்டோவில் ஏறி உட்கார்ந்திருந்தாள். ஆட்டோ வந்தால் ஏறிக்கொள்வது அவள் வழக்கம். மாமா ஒரு ரவுண்டு காட்டுவான்.

இன்னும் இரண்டு தெரு பாக்கி இருந்தது. அதைச் சொல்லிவிட்டுத் திரும்பி வந்து அக்காவை ஏற்றிக்கொள்ளலாம் என்று அவன் போனான்.

கரை உடையும்போது சத்தமே இல்லை. அதைத்தான் நான் யாரிடமும் புரியவைக்க முடியவில்லை. லாரி வழிக்குக் கீழே, கரையின் வெளிப்பக்கத்தில் நண்டு வளை மாதிரி ஒரு ஓட்டை. அதிலிருந்து கலங்கலாகத் தண்ணீர் வந்தது. ஒருவன் அதில் காலை வைத்து அடைத்தான். கால் உள்ளே போனது. அவனைப் பிடித்து இழுத்தோம். இழுத்து முடிப்பதற்குள் நாங்கள் அடுக்கின மூட்டைகள் ஒன்றன்மேல் ஒன்று உட்கார்ந்தன. கரை தூக்கத்தில் சாய்கிற ஆள் மாதிரிச் சாய்ந்தது. தண்ணீர் அவசரமில்லாமல் இறங்கியது. அலை எல்லாம் இல்லை. பழுப்பாக, பரவிக்கொண்டு, வேலிமேல் காய்ந்த துணிகளுக்கு அடியில் போனது.

நான் ஓடினேன். கரையின் இந்தப் பக்கமாக இறங்கி, வரப்பில் விழுந்து, எழுந்து ஓடினேன். காலனி முனைக்கு வந்தபோது முழங்கால் அளவு. எல்லாரும் இப்போது ஓடி வந்துகொண்டிருந்தார்கள். யாரும் கத்தவில்லை. பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு, வாயை மூடிக்கொண்டு வந்தார்கள். எதிர்வீட்டுப் பெரியம்மாவைப் பார்த்தேன். "என் வூட்டுக்காரி?" என்றேன். பின்னால் கையைக் காட்டினாள். வருகிறாள் என்று சொன்னாளா, அங்கே இருக்கிறாள் என்று சொன்னாளா, தெரியவில்லை. அந்தக் கும்பலில் ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். இடுப்பளவு வந்தது. அதற்குமேல் இழுத்தது. இரண்டு பேர் என்னைப் பிடித்துக்கொண்டார்கள். என் பெண்ணை மச்சான் ஆட்டோவோடு மேட்டில் ஏற்றிவிட்டிருந்தான், ஆனால் அவனாலும் திரும்பி உள்ளே வர முடியவில்லை.

அவளைத் தண்ணீர் கொல்லவில்லை. சுவர் கொன்றது. எங்கள் வீடு மண் சுவர். பல நாள் மழையில் ஊறிப்போயிருந்தது. அடியில் தண்ணீர் பட்டதும் அடுப்படிப் பக்கத்துச் சுவர் உள்பக்கமாக விழுந்துவிட்டது. தண்ணீர் வடிந்ததும் நானும் மச்சானும்தான் மண்ணை வெட்டினோம். சோற்றுப்பானை கவிழ்ந்து கிடந்தது. வடித்துவிட்டிருந்தாள்.

காலனியில் வேறு சிலரும் போனார்கள். அதை அவர்கள் வீட்டார் சொல்ல வேண்டும்.

பள்ளிக்கூடத்தில் எங்களை வைத்திருந்தபோது டிவிக்காரர்கள் வந்தார்கள். ஒருவன் என்னிடம் மைக்கை நீட்டினான். அலை எவ்வளவு உயரம் வந்தது, சத்தம் எப்படி இருந்தது என்று கேட்டான்.

"சத்தம் இல்ல. மொதல்ல முழங்காலுக்கு வந்தது. அப்பால இடுப்புக்கு வந்தது."

"அலை?"

"அலை இல்ல."

அவன் மைக்கை வேறு ஆளிடம் கொண்டுபோனான்.

மச்சான் பேசவில்லை. அவன் பேச்சே நின்றுபோனது. சாவுக்கு வந்தவர்கள் எல்லாம் அவனைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். எதிர்வீட்டுப் பெரியம்மா அவன் காலடியில் உட்கார்ந்து, "நீ சொன்னியேடா, நீ சொன்னியே" என்று தலையில் அடித்துக்கொண்டாள். அவன் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். காரியம் முடிந்த அன்று என்னிடம் மட்டும் ஒன்று சொன்னான்.

"தூக்கிப் போட்டுக்கினு வந்திருக்கணும் மாமா. கஞ்சி கொட்டினா கொட்டட்டும்னு இழுத்திருக்கணும்."

  அவனுக்கு இன்னும் இரண்டு தெரு பாக்கி இருந்தது. அந்த இரண்டு தெருவில் அவன் கீழே இறங்கி, வீடு வீடாகப் புகுந்து ஆட்களைத் தள்ளிவிட்டதால்தான் அங்கே யாரும் சாகவில்லை.

வெயில் வந்து மணல் காய்ந்தது. முதலாளி ஆள் அனுப்பினார். புதுப் படம், உலகம் அழிகிற படம், நீதான் சொல்ல வேண்டும் என்று. மச்சான் ஆட்டோவிலிருந்து ஸ்பீக்கரைக் கழற்றினான். மைக்கையும் வயரையும் அதில் வைத்துக் கொண்டுபோய்க் கொட்டகை வாசலில் வைத்துவிட்டு வந்தான். கொட்டகையும் அதற்கப்புறம் ரொம்ப நாள் ஓடவில்லை. எல்லா வீட்டிலும் டிவி வந்துவிட்டது. இப்போது அங்கே யாரோ மாட்டுத் தீவனம் விற்கிறார்கள்.

நான் அந்த மாதிரிப் படங்களை டிவியில் சில நேரம் பார்க்கிறேன். மகள் மாற்றச் சொன்னால் மாற்றிவிடுவேன். அலை வரும்போது நான் அலையைப் பார்ப்பதில்லை. கீழே ஓடுகிற கும்பலைப் பார்ப்பேன். கடைசியில் ஓடுகிறவளைப் பார்ப்பேன். ஒரு நிமிஷம்கூடக் காட்ட மாட்டார்கள்.

கரையைக் கட்டினார்கள். லாரி வழியையும் மூடினார்கள். எங்களுக்கு மேட்டில் இடம் தருவதாகச் சொன்னார்கள். இன்னும் பள்ளத்தில்தான் இருக்கிறோம்.

அதற்கப்புறமும் மழை ஒரு ஒழுங்கில் இல்லை. சில வருஷம் ஒன்றுமில்லை. சில வருஷம் ஒரேயடியாக. ஏரி நிறைந்தால் மச்சான் வந்துவிடுவான். கூப்பிட மாட்டான். குரலே கொடுக்க மாட்டான். வீட்டுக்குள் நுழைவான். முதலில் யார் எதிரில் இருக்கிறார்களோ அவர்கள் மணிக்கட்டைப் பிடிப்பான். பிடித்தால் விட மாட்டான். பேசாமல் இழுத்துக்கொண்டு வாசலுக்கு வருவான். அவன் கையைப் பிடித்துவிட்டால் எங்கள் காலனியில் யாரும் ஏன் என்று கேட்பதில்லை. சிரிப்பதும் இல்லை. ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு மேட்டுக்குப் போய்விடுவோம்.

ஒரு தடவை அவன் எங்கள் வீட்டுக்குள் வந்தபோது என் மகள் அடுப்பு முன்னால் இருந்தாள். அவள் அப்போது வளர்ந்துவிட்டாள். சோறு கொதித்துக்கொண்டிருந்தது. அவன் வாசற்படியிலேயே நின்றுவிட்டான். உள்ளே வரவில்லை. கையை நீட்டவில்லை. பானையைப் பார்த்துக்கொண்டு நின்றான். நான் எழுந்தேன். அதற்குள் அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து போய், தன் கையை அவனிடம் நீட்டினாள்.

"பிடி மாமா. போலாம்."

அன்றைக்கு ஏரி உடையவில்லை. பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்திருந்துவிட்டு வெளிச்சம் போவதற்குள் திரும்பி வந்தோம். அடுப்பு அணைந்திருந்தது. சோறு குழைந்து அடிப்பிடித்திருந்தது. மகள் சுரண்டி மூன்று தட்டில் போட்டாள். கருகல் வாசனையோடு அதைத் தின்றோம். மச்சான் இரண்டாம் தடவையும் வாங்கிக்கொண்டான்.